ஐந்து நாற்காலி நகராட்சி

வில்லா கொராமயு, பொலிவியா
17 மார்ச் 1996

அன்புத் தம்பி சிரிலோவுக்கு,

நீயும் எல்பாவும் சுகமாக இருக்க மாதாவை வேண்டிக்கொண்டு எழுதுகிறேன். இங்கே நானும் உன் அத்தான் லூசியோவும் நலம். ஆடுகள் ஆறு குட்டி போட்டன, நான்கு தங்கின.

நம் ஊர் நகராட்சியாகிவிட்டது, தெரியுமா? இதுவரை நகராட்சி என்றால் அது சுக்ரே பட்டணத்தில் இருப்பது. நாம் வெறும் மலைக்காட்டுக்காரர்கள். புதுச் சட்டம் வந்து, நம்மையும் மேலே இருக்கிற பதினோரு சிற்றூர்களையும் சேர்த்து ஒரு நகராட்சி என்று சொல்லிவிட்டது. டிசம்பரில் தேர்தல். ஐந்து உறுப்பினர்கள். அதில் ஒருத்தி உன் அக்கா தொமாசா! சிரிக்காதே. கட்சிக்காரர்களுக்குப் பட்டியலில் எழுதப் படிக்கத் தெரிந்த ஒரு பெண் வேண்டியிருந்தது. எழுதிக்கொண்டார்கள். ஜெயித்தும் விட்டேன்.

எங்கள் அலுவலகம் அந்தப் பழைய தானியக் கிடங்குதான். ஐந்து நாற்காலி, ஒரு மேசை. தலைவரை நாங்கள் ஐந்து பேரே எங்களுக்குள் தேர்ந்தெடுத்தோம். மூன்று கை உயர்ந்தது, உன் ஞானத்தந்தை தோன் அபுந்தியோ தலைவரானார். என் கையும் அந்த மூன்றில் ஒன்று. லாரி வைத்திருப்பவர், நாலு இடம் போய் வந்தவர். ஒரு வருடம் கழித்து அவரைப் பிடிக்காவிட்டால், ஐந்தில் மூன்று பேர் சேர்ந்து வேறு ஒருவரை உட்கார வைக்கலாமாம். அதைப் படித்துக் காட்டியபோது, "அப்போ ஒரு வருஷத்துக்கு நான் பத்திரம்" என்று தொப்பியைக் கழற்றிக் கும்பிடு போட்டார். எல்லோரும் சிரித்தோம்.

நீ பெரிய நகராட்சி உள்ள இடத்தில் இருக்கிறாய். அங்கே எப்படிச் செய்கிறார்கள்? கூட்டம் என்றால் யார் முதலில் பேசுவது? பேசினதையெல்லாம் எழுதி வைக்க வேண்டுமா, முடிவை மட்டும் எழுதினால் போதுமா? காலையில் கூட்டத்தில் ஒருவரோடு சண்டை போட்டுவிட்டு மாலையில் அவர் வீட்டுக் கல்யாணத்துக்கு எப்படிப் போவது? எல்லாவற்றுக்கும் பதில் எழுது.

எல்பாவுக்கு என் அன்பு.
உன் அக்கா,
தொமாசா


புவெனஸ் அயர்ஸ் புறநகர், அர்ஜென்டினா
28 ஏப்ரல் 1996

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதம் கிடைத்து நானும் எல்பாவும் இரண்டு முறை படித்தோம். நாங்கள் நலம். அத்தானின் முதுகுவலி எப்படி இருக்கிறது? எல்பாவுக்கு ஐந்தாவது மாதம். இதை நீ எதிர்பார்த்திருக்க மாட்டாய்!

இங்கே நகராட்சிக் கட்டடம் ஆறு மாடி. முன்னால் கொடிக்கம்பம், உள்ளே மின்தூக்கி. இங்கு தலைவரை உறுப்பினர்கள் தேர்ந்தெடுப்பதில்லை. ஜனங்களே நேராக ஓட்டுப் போடுகிறார்கள். நான்கு வருடம். அடைகாக்கும் கோழி மாதிரி உட்கார்ந்தால் உட்கார்ந்ததுதான். உறுப்பினர்கள் இருபத்து நாலு பேர், அவர்களுக்குத் தனி மண்டபம். வியாழக்கிழமைகளில் கூடுவார்கள். மண்டபத்தின் பின்பக்கம் மரப் பெஞ்சுகள் உண்டு, யார் வேண்டுமானாலும் போய் உட்கார்ந்து கேட்கலாம். நடைபாதைக் கல் பதிக்கும் வேலைக்கு அங்கே போனபோது ஒரு மணி நேரம் உட்கார்ந்தேன். ஒருவர் தூங்கினார். பேசினதையெல்லாம் ஒரு பெண் எழுதிக்கொண்டே இருந்தாள். நீயும் எல்லாவற்றையும் எழுது அக்கா. நீயும் பெஞ்சு போடு.

சண்டை போட்டவர்கள் வெளியே வந்து ஒரே பாத்திரத்தில் மாத்தே இலைத் தேநீர் குடித்ததைக் கண்ணால் பார்த்தேன். ஆகையால் கல்யாணத்துக்குப் போகலாம்.

ஞானத்தந்தை தலைவரானதில் எனக்குப் பெருமை. பதினெட்டு வயதில் கையில் ஒன்றுமில்லாமல் நின்றவனை லாரியில் ஏற்றி எல்லைவரை கொண்டுவந்து விட்டவர் அவர். அவருக்கு உதவியாக இரு.

உன் தம்பி,
சிரிலோ


வில்லா கொராமயு
9 ஜூலை 1996

அன்புத் தம்பிக்கு,

குளிரில் கை விறைக்கிறது, எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள். எல்பா எப்படி இருக்கிறாள்? வெறும் வயிற்றில் இருக்க விடாதே. அத்தான் முதுகுக்கு ஒத்தடம் கொடுத்துக்கொண்டு என்னைத் திட்டிக்கொண்டிருக்கிறார், அதனால் நலம்தான்.

நீ சொன்னபடி பெஞ்சு போட்டோம். முதல் கூட்டத்துக்கு நாலு பேரும் ஒரு ஆடும் வந்தார்கள். இப்போது இடம் போதவில்லை. எல்லாவற்றையும் நான்தான் நோட்டில் எழுதுகிறேன். போன மாதம் பதினோரு சிற்றூர்களுக்கும் கழுதையில் போய், உங்களுக்கு முதலில் என்ன வேண்டும் என்று கேட்டோம். எல்லா இடத்திலும் இரண்டே பதில்: தண்ணீர்க் குழாய், மருந்தகம். பிரசவ வலி எடுத்தால் மேலிருந்து இங்கே வர ஏழு மணி நேரம். அதை அப்படியே எழுதிக்கொண்டு வந்தேன்.

தோன் அபுந்தியோவுக்கு வேறு ஆசை. ஊர் நடுவில் பூங்கா, அதில் ஒரு வாத்திய மண்டபம், கிடங்குக்கு மாடி, மாடிக்குப் பால்கனி.

"பால்கனி இல்லாத நகராட்சியை எவன் மதிப்பான் தொமாசா?"

"பால்கனியில நின்னு யாரைப் பாக்கப் போறீங்க? ஜனங்க எல்லாம் மேல தண்ணி சுமந்துகிட்டு இருக்காங்களே."

"உனக்கு வாய் ஜாஸ்தி" என்றார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார். பிறகு, சிற்றூர்கள் பூங்கா கேட்டதாக நோட்டில் எழுதச் சொன்னார். கேட்காததை எப்படி எழுதுவது என்று சொல்லிவிட்டேன். அவர் நலமாக இருக்கிறார், உன்னை விசாரித்தார்.

அங்கே பிரசவத்துக்கு ஆம்புலன்ஸ் வருமா? நகராட்சியே அனுப்புமா? இதைக் கூட்டத்தில் சொல்ல வேண்டும், விவரமாக எழுது.

அக்கா,
தொமாசா


புவெனஸ் அயர்ஸ் புறநகர்
15 செப்டம்பர் 1996

அன்புள்ள அக்காவுக்கு,

மகள் பிறந்திருக்கிறாள். ஆகஸ்ட் இருபத்தேழு, நல்ல மழை. தாயும் பிள்ளையும் நலம். பெயர் மரிசோல். மூக்கு உன்னுடையது என்று எல்பா சொல்கிறாள். அத்தானிடம் சொல், இனி அவர் வெறும் அத்தான் இல்லை, மாமா.

ஆம்புலன்ஸ் கேட்டாய். இங்கே ஆம்புலன்ஸ் உண்டு. வெள்ளை நிறம். நகராட்சியுடையதுதான்.

இங்கே இன்னொரு விசேஷம் கேள்: மாகாணத்தில் இரண்டு வருடம் குடியிருந்தால் நம் போன்ற வெளிநாட்டுக்காரர்களும் நகராட்சித் தேர்தலில் ஓட்டுப் போடலாம். தனிப் பட்டியல், தனிப் பெட்டி. நம் ஊரில் ஓர் அர்ஜென்டினாக்காரனுக்கு ஓட்டுக் கொடுப்பார்களா? யோசித்துப் பார். நான் இன்னும் பெயர் சேர்க்கவில்லை. சேர்ப்பேன்.

ஞானத்தந்தையோடு ரொம்ப முட்டிக்கொள்ளாதே அக்கா. கொஞ்சம் விட்டுக்கொடுத்துப் போ. பெரியவர்.

மரிசோலின் கால் அச்சை இத்துடன் வைத்திருக்கிறேன்.

சிரிலோ


வில்லா கொராமயு
20 நவம்பர் 1996

அன்புத் தம்பிக்கு,

கால் அச்சு கிடைத்தது. சுவரில் ஒட்டியிருக்கிறோம். குழந்தையும் எல்பாவும் நலமாக இருக்கட்டும்.

உருளைக்கிழங்கு நட்டாயிற்று. மழை தாமதம். வேலை அதிகம், அதனால் நகராட்சிக்கு நான் இப்போது போவதில்லை. அது நல்லதுதான், வீட்டைப் பார்க்க நேரம் கிடைக்கிறது. தோன் அபுந்தியோ நலம்.

அத்தான் உனக்கு அன்பு சொல்லச் சொன்னார்.

தொமாசா


புவெனஸ் அயர்ஸ் புறநகர்
22 டிசம்பர் 1996

அன்புள்ள அக்காவுக்கு,

பண்டிகை வாழ்த்து. நாங்கள் மூவரும் நலம், மரிசோல் சிரிக்கத் தொடங்கிவிட்டாள்.

உன் கடிதத்தை எல்பாதான் முதலில் படித்தாள். படித்துவிட்டு, "உங்க அக்காவுக்கு ஏதோ ஆயிருக்கு" என்றாள். நான் வாங்கிப் பார்த்தேன். பத்து வரிதான். அதில் ஒரு கேள்விகூட இல்லை. பிறந்ததிலிருந்து கேள்வி கேட்டு எல்லோர் உயிரையும் வாங்கியவள் நீ. குழந்தைக்குப் பால் போதுமா என்றுகூடக் கேட்கவில்லை.

ஞானத்தந்தையோடு மனஸ்தாபமா? நான் விட்டுக்கொடுக்கச் சொன்னதில் கோபமா? எதுவானாலும் எழுது. பதில் வரும்வரை எனக்குச் சோறு இறங்காது.

உன் தம்பி,
சிரிலோ


வில்லா கொராமயு
30 ஜனவரி 1997

மாப்பிள்ளை சிரிலோவுக்கு,

லூசியோ எழுதுவது. எல்லோரும் சுகம். எனக்குக் கடிதம் எழுதிப் பழக்கமில்லை, தப்பு இருக்கும். உன் அக்காவுக்கு இது தெரியாது.

நீ பண்டிகைக்கு எழுதின கடிதத்துக்கு அவள் பதில் எழுதவில்லை. பேனாவை எடுப்பாள், வைத்துவிடுவாள். அதனால் நான் சொல்கிறேன்.

அக்டோபர் கடைசியில், மத்தியானம், கூட்டம் என்று சொல்லி தோன் அபுந்தியோவும் அவர் ஆளும் அவளைக் கிடங்குக்குக் கூப்பிட்டார்கள். கூட்டம் இல்லை. மேசை மேல் ஒரு காகிதம் இருந்தது. உடம்பு சரியில்லாததால் பதவியை விட்டு விலகுகிறேன் என்று அதில் தட்டச்சு செய்திருந்தது. அவள் விலகினால் மாற்று உறுப்பினராக வருவது தோன் அபுந்தியோவின் மருமகன். கையெழுத்துப் போடு என்றார்கள். மாட்டேன் என்றாள். வெளியே வந்து கதவைப் பூட்டிவிட்டார்கள். மூன்று மணி நேரம். நான் அப்போது மேலே நிலத்தில் இருந்தேன், எனக்குத் தெரியாது. யாரும் அடிக்கவில்லை. அபுந்தியோவின் மனைவி ஜன்னல் வழியாகச் சூப்கூடக் கொடுத்தாளாம். கடைசியில் கையெழுத்துப் போட்டாள்.

வீட்டுக்கு வந்து கை கழுவினாள். உருளைக்கிழங்கு உரிக்க உட்கார்ந்தாள். ஐந்து பேர் சாப்பிடுகிற அளவு உரித்தாள். நாங்கள் இரண்டே பேர். மறுநாள்தான் என்னிடம் சொன்னாள்.

உனக்கு ஏன் எழுதவில்லை என்று கேட்டேன். "அவனுக்கு அவர் ஞானத்தந்தை. விட்டுக்கொடுன்னு எழுதியிருக்கான். கொடுத்துட்டேன்" என்றாள்.

மார்ச் கூட்டத்தில் அந்தக் காகிதத்தைப் படித்து ஏற்றுக்கொள்ளப் போகிறார்கள். நோட்டைக் கேட்டு இரண்டு முறை ஆள் வந்தது. அதை மட்டும் அவள் கொடுக்கவில்லை.

லூசியோ


புவெனஸ் அயர்ஸ் புறநகர்
18 பிப்ரவரி 1997

அன்புள்ள அக்காவுக்கு,

அத்தான் மேல் கோபப்படாதே, அவர் எழுதிவிட்டார். மூன்று நாள் வேலைக்குப் போகவில்லை. என் மேல்தான் எனக்குக் கோபம்.

நான் உனக்கு எழுதாமல் விட்டதையெல்லாம் இப்போது எழுதுகிறேன்.

நாங்கள் இருப்பது மூன்றாவது வாய்க்காலுக்கு அப்பால். தார்ச்சாலை வாய்க்காலோடு முடிகிறது. நாற்பத்து மூன்று குடும்பம். தண்ணீர் லாரி வாரம் இரண்டு முறை வாய்க்கால் ஓரம் வரும், அங்கிருந்து சுமக்க வேண்டும். எல்பாவுக்கு வலி எடுத்த அன்று ஆம்புலன்ஸுக்குச் சொன்னோம். வந்தது. வாய்க்கால் ஓரத்தில் நின்றுவிட்டது. ஓட்டுநர் நல்லவர்தான், "உள்ள வர்றதுக்கு எனக்கு உத்தரவு இல்லப்பா, அங்க தெருவே இல்லையே" என்றார். நானும் பக்கத்து வீட்டு மூன்று பேரும் எல்பாவை நாற்காலியோடு தூக்கிக்கொண்டு சேற்றில் நடந்தோம். எல்பாவை வண்டிக்குள் ஏற்றிய நிமிடத்தில் மரிசோல் பிறந்தாள்.

ஓட்டுக்குப் பெயர் சேர்க்கப் போனதையும் சொல்கிறேன்.

"எந்தத் தெரு?" என்று கேட்டார் எழுத்தர்.

"மூணாவது வாய்க்காலுக்கு அந்தப் பக்கம்."

"அங்க தெரு கிடையாது. வரைபடத்துல காலி மனைன்னு இருக்கு."

"நான் அங்கதான் சார் இருக்கேன்."

"நீங்க இருக்கலாம். தெரு இல்ல."

இதையெல்லாம் எழுத எனக்கு வெட்கம். நீ அங்கே கழுதை மேல் ஏறி ஒவ்வொரு வீடாய்ப் போய் என்ன வேண்டும் என்று கேட்கிறாய். இங்கே ஆறு மாடியும் மின்தூக்கியும் இருக்கிறது, எங்களிடம் ஒருவரும் வந்து கேட்டதில்லை. அந்தக் கட்டடத்தைப் பற்றித்தான் உனக்குப் பெருமை பேசினேன்.

போன வியாழன் மறுபடியும் அந்தப் பெஞ்சில் போய் உட்கார்ந்தேன். கூட்டம் முடிந்ததும், எழுதிக்கொண்டிருந்த அந்தப் பெண்ணிடம் கேட்டேன், ஒரு உறுப்பினர் விலகல் கடிதம் கொடுத்தால் என்ன ஆகும் என்று. இந்த ஊர் வழக்கப்படி அதைச் சபை எடுத்து ஓட்டுக்கு விட வேண்டுமாம்; அதுவரை கொடுத்தவர் திரும்ப வாங்கிக்கொள்ளலாமாம். உங்கள் ஊரில் எப்படியோ எனக்குத் தெரியாது. இனி உனக்கு நான் புத்தி சொல்ல மாட்டேன். விட்டுக்கொடு என்று சொன்னதைத் திரும்ப வாங்கிக்கொள்கிறேன், அவ்வளவுதான்.

அவருக்கும் தனியாக ஒரு கடிதம் போட்டிருக்கிறேன். லாரியில் ஏற்றி வந்ததை மறக்க மாட்டேன் என்று எழுதினேன். என் அக்காவைப் பூட்டி வைத்ததையும் மறக்க மாட்டேன் என்று எழுதினேன். ஆரம்பத்தில் "ஞானத்தந்தைக்கு" என்று போடவில்லை, "தோன் அபுந்தியோவுக்கு" என்று போட்டேன்.

உன் உடம்பைப் பார்த்துக்கொள். அத்தானையும்.

சிரிலோ


வில்லா கொராமயு
6 ஏப்ரல் 1997

அன்புத் தம்பிக்கு,

நீ, எல்பா, என் மருமகள் மூவரும் சுகமா? குழந்தைக்குப் பால் போதுமா? பல் வந்துவிட்டதா? தண்ணீரைக் கொதிக்க வைத்துத்தானே கொடுக்கிறாய்? நாற்காலியில் தூக்கிப் போனபோது அவளைத் துணியால் கட்டினீர்களா, சும்மா பிடித்துக்கொண்டீர்களா? போதுமா கேள்வி?

உன் கடிதம் கூட்டத்துக்கு நான்கு நாள் முன்னால் வந்தது. அத்தானிடம் நான் கோபப்பட்டேன், அரை நாள். பிறகு உட்கார்ந்து யோசித்தேன். எங்கள் சட்டத்தில் விலகலைத் திரும்ப வாங்கலாமா கூடாதா என்று தெளிவாக ஒன்றும் இல்லை. கூடாது என்று எழுதியில்லாதபோது கேட்டுப் பார்க்கலாம் என்று தோன்றியது. கூட்டத்துக்குப் போய் என் நாற்காலியிலேயே உட்கார்ந்தேன். மருமகன்காரன் நின்றுகொண்டிருந்தான். மேலூர்களிலிருந்து விடியலிலேயே கிளம்பி வந்திருந்தார்கள். பெஞ்சு நிறைந்து வாசலிலும் ஆள்.

செயலாளர் காகிதத்தைப் படித்தார். நான் எழுந்தேன்.

"அதுல என்ன வியாதின்னு எழுதியிருக்கு?"

"உடம்பு சரியில்லைன்னு இருக்கு."

"போன வாரம் எட்டு மூட்டை கிழங்கு தோண்டியிருக்கேன். எந்த உடம்பைச் சொல்றீங்க?"

பெஞ்சில் சிரித்தார்கள். மேசையைப் பிடித்துக்கொண்டேன் தம்பி. அன்று நடந்ததை எத்தனை மணி, யார் யார், எந்தப் பூட்டு என்று ஒவ்வொன்றாகச் சொன்னேன். குரலை உயர்த்தவில்லை.

"யாரும் உன்னைத் தொடலையே தொமாசா" என்றார் தோன் அபுந்தியோ. "சூப்கூடக் குடுத்தோமே."

"குடுத்தீங்க. உப்பெல்லாம் சரியாத்தான் இருந்துச்சு. கதவுதான் பூட்டியிருந்துச்சு."

விலகலை ஏற்கிறவர்கள் கை தூக்கச் சொன்னார்கள். அபுந்தியோ, அவருடைய ஆள் ரூஃபோ, இரண்டு கை. ஏற்காதவர்கள்: நானும் மேலூர் மெல்கோரும். மிச்சம் தோன் எவுசேபியோ. அவருடைய வெங்காயம் முழுக்க அபுந்தியோ லாரியில்தான் சந்தைக்குப் போகிறது. போர்வைக்குள் கையை வைத்துக்கொண்டு கூரையைப் பார்த்தார்.

வாசலிலிருந்து ஒரு கிழவி கேட்டாள்: "ஏன் எவுசேபியோ, கை குளிருதா?"

அவர் முகம் சிவந்தது. கை வெளியே வந்தது, எங்கள் பக்கம் உயர்ந்தது.

உடனே மெல்கோர், ஒரு வருடம் ஆகிவிட்டது, தலைவரையும் மாற்றலாம் என்றார். எவுசேபியோ கையைப் போர்வைக்குள் இழுத்துக்கொண்டு, "ஒரு நாளைக்கு ஒரு தடவைதான்" என்று சொல்லிவிட்டார். அதனால் அபுந்தியோதான் இன்னும் தலைவர். நான் இன்னும் உறுப்பினர். திட்டத்தில் முதல் வரி குழாய், இரண்டாவது மருந்தகம், பூங்கா ஒன்பதாவது. எல்லாம் நோட்டில் இருக்கிறது.

உன் கடிதம் அவருக்கும் கிடைத்தது. கடை வாசலில் நின்று படித்தார். நான் அந்த வழியாகப் போனபோது நிறுத்தி, "உன் தம்பி எழுத்து நல்லாத் தேறியிருக்கு" என்றார். அவர் கண்ணைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருந்தது. ஈஸ்டருக்கு ரொட்டி அனுப்பினார்கள். வாங்கிக்கொண்டேன், நாங்களும் அனுப்பினோம்.

நீ வெட்கப்பட என்ன இருக்கிறது? நாற்பத்து மூன்று குடும்பம் என்றால் நம் மேலூர்களில் மூன்றை விடப் பெரிது. உங்களில் எத்தனை பேருக்கு வியாழக்கிழமை வேலை இல்லை? அந்தப் பெஞ்சில் எத்தனை பேர் உட்காரலாம்?

எல்லோருக்கும் அன்பு.
அக்கா தொமாசா


புவெனஸ் அயர்ஸ் புறநகர்
3 ஆகஸ்ட் 1997

அன்புள்ள அக்காவுக்கு,

நாங்கள் நலம். மரிசோலுக்கு நாலு பல். கொதிக்க வைத்த தண்ணீர்தான். துணியால் கட்டித்தான் தூக்கினோம். அத்தானின் முதுகு தேவலையா?

பெஞ்சில் இருபத்தாறு பேர் உட்காரலாம். ஏப்ரல் முதல் ஒவ்வொரு வியாழனும் முறை வைத்துப் போனோம். பொம்பளைகள் பிள்ளைகளோடு. சத்தம் போடவில்லை, கேள்வி மட்டும் கேட்டோம். இருபத்து நாலு பேரில் ஒருவர் கடைசியில், "இவங்க தெருவை அளந்து தொலைங்கப்பா, என்னால இந்த மூஞ்சிகளைப் பாத்துகிட்டே பேச முடியல" என்று சொல்லிவிட்டார். தீர்மானம் ஆகிவிட்டது.

ஜூன் மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை பொறியாளர் அளவு நாடா, மூன்று கால் கருவியெல்லாம் கொண்டுவந்தார். காலை முழுக்க அளந்தார். பிறகு படிவத்தை எடுத்து, "தெரு பேரு?" என்றார். அதை நாங்கள் யாருமே யோசிக்கவில்லை அக்கா! நம்மவர்கள் கோப்பகபானா மாதா என்றார்கள். பராகுவேக்காரர்கள் அதெப்படி, எங்கள் காக்குப்பே மாதா என்ன குறைச்சல் என்றார்கள். அர்ஜென்டினாவின் வடக்கிலிருந்து வந்தவர்கள் ஒரு பந்தாட்டக்காரர் பெயரைச் சொன்னார்கள். அரை மணி நேரம் சண்டை. எல்பா பொறியாளர் கையில் மாத்தேயைக் கொடுத்தாள். குடித்து முடித்தும் சண்டை ஓயவில்லை. பொறியாளர் படிவத்தில் "பெயரில்லை" என்று எழுதி, மடித்துக்கொண்டு போய்விட்டார்.

அப்படியே வரைபடத்தில் ஏறிவிட்டது. பெயரில்லாத் தெரு. மாற்ற வேண்டுமானால் மறுபடியும் சபையில் தீர்மானம் போட வேண்டும், வருடக்கணக்காகும். பெஞ்சுக்குப் போகலாமா என்று நான் கேட்டேன். எல்பா வேண்டாம் என்றுவிட்டாள்.

நேற்று தார்ச்சாலையில் காஸ் சிலிண்டர் வண்டி போயிற்று. எல்பா கையைத் தட்டி நிறுத்தினாள்.

"எங்கம்மா வீடு?" என்றான் அவன்.

"பெயரில்லாத் தெரு, ஏழாம் நம்பர்."

அவன் சரி என்று தலையாட்டிவிட்டு வாய்க்காலைத் தாண்டி நேராக எங்கள் வாசலில் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போனான்.

வேறு விசேஷமில்லை. உன் கேள்விகளுக்காகக் காத்திருக்கும்,
தம்பி சிரிலோ